வளையல் நின்ற இடம்

"விளக்க யாரு அணைச்சா வினோ?"

அறிவுமதி ஹெட்போனைக் காதிலிருந்து கழற்றாமலேயே கேட்டார். வினோதினி மடிக்கணினித் திரையைச் சட்டென்று தன் பக்கம் திருப்பிக்கொண்டாள். திருப்ப வேண்டிய தேவையே இல்லை. எதிரில் உட்கார்ந்திருந்தவருக்குப் பிறவியிலிருந்தே பார்வை கிடையாது. ஆனாலும் கை தானாகத் திருப்பிவிட்டது.

"எந்த விளக்குக்கா?"

"'விளக்கு அணைகிறது, இருவரும் ஒன்றாகிறார்கள்'னு ஒங்குரல்ல சொல்றியே, அந்த விளக்கு. சுவிட்ச் சத்தமே கேக்கல. ஊதி அணைக்கிற விளக்கா?"

"இல்லக்கா. ட்யூப் லைட்டு."

"ட்யூப் லைட்டு எரியறப்ப உள்ளுக்குள்ள ஒரு ரீங்காரம் ஓடும். காட்சி முடியற வரைக்கும் அது ஓடிகிட்டேதான் இருக்கு. அப்ப யாரு அணைச்சா? நீயே எந்திரிச்சுப் போயி அணைச்சிட்டு வந்து உக்காந்தியா?"

கூடத்தின் மூலையில் இறால் உரித்துக்கொண்டிருந்த சொக்கநாதன் வாய்விட்டுச் சிரித்துவிட்டார். அவர் அறிவுமதியின் கணவர். பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை சமையல் அவருடையது. வினோதினிக்குக் காது மடல் வரை சூடேறியது.

வினோதினியின் வேலை என்னவென்று அவள் ஊரான நெரவியில் பலருக்குத் தெரியாது. சினிமாவில் இருக்கிறாள் என்பார்கள், கம்ப்யூட்டரில் டைப் அடிக்கிறாள் என்பார்கள். அவள் செய்வது விவரிப்பு. பார்வையில்லாத ஒருவர் படம் பார்க்கும்போது வசனம் கேட்கும், பாட்டு கேட்கும். கதவு சாத்தும் சத்தமும் கேட்கும். ஆனால் வெளியே போனது யார், அழுதுகொண்டா கோபமாகவா, கையில் பெட்டி இருந்ததா என்பதெல்லாம் தெரியாது. இரண்டு வசனங்களுக்கு நடுவே ஒரு மூச்சு விடும் இடம் கிடைத்தால், அதற்குள் ஒரு குரல் நுழைந்து, "மூத்தவன் பெட்டியோடு போகிறான்" என்று சொல்லிவிட்டு வெளியே வந்துவிட வேண்டும். அடுத்த வசனத்தின் மேல் ஏறக்கூடாது. படத்தின் சத்தத்தில் கதை சொல்லும் பகுதி எதையும் மூடக்கூடாது. கண்ணுக்குத் தெரிவதை மட்டும் சொல்ல வேண்டும், தன் கருத்தைச் சேர்க்கக்கூடாது. கேட்பதற்கு எளிதாக இருக்கிறது. செய்து பார்த்தால்தான் ஒரு நிமிடக் காட்சிக்கு அரை நாள் போவது தெரியும்.

எழுதுவது வினோதினி, குரல் கொடுப்பதும் அவளே. அதைக் கேட்டுச் சரிபார்ப்பது அறிவுமதி. பகலில் அவர் காரைக்காலில் ஒரு அரசு அலுவலகத்தின் தொலைபேசி இணைப்பகத்தில் இருக்கிறார். மற்ற நேரமெல்லாம் படம்தான். பார்வையில்லாத ஒருவர் கேட்டு, "இப்போது புரிகிறது" என்று சொன்னால்தான் விவரிப்பு சென்னையில் இருக்கும் பட நிறுவனத்துக்குப் போகும்.

இந்தப் படத்தில் மட்டும் ஒரு சிக்கல். ஆறு வருடம் வளைகுடாவில் இருந்துவிட்டு ஊர் திரும்பும் தங்கையன் என்ற தச்சனுக்கும் அவன் மனைவி அல்லிக்கும் நடுவில் நடக்கும் கதை. ஒருவரை ஒருவர் மறந்துபோன உடம்புகள் மறுபடி பழகிக்கொள்ளும் காட்சி ஒன்று நான்கு நிமிடம் ஓடுகிறது. ஒரு வசனம் கிடையாது. பின்னணி இசையும் கிடையாது.

இதுவரை தமிழ் விவரிப்பில் இப்படிப்பட்ட காட்சி வந்தால் ஒரு வழக்கம் இருந்தது. குரல் சும்மா இருந்துவிடும். காட்சி முடிந்ததும், "மறுநாள் காலை" என்று ஆரம்பிக்கும். அந்த வழக்கத்தோடு இரண்டு வருடமாக அறிவுமதி மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். கடைசியில் சென்னை நிறுவனத்தில் விவரிப்புப் பிரிவைப் பார்த்துக்கொள்ளும் கவியா ஒரு ஏற்பாட்டுக்கு வந்தாள். இந்த ஒரு காட்சியை முழுக்க விவரித்து, பார்வையற்றோர் சங்கத்தில் உள்ளவர்களுக்குப் போட்டுக் காட்ட வேண்டும். கேட்டவர்கள் முகம் சுளித்தால் பழையபடி மௌனம்தான், இனி எல்லாப் படத்துக்கும் அதுதான் விதி என்று எழுதிவிடுவார்கள். சுளிக்கவில்லை என்றால் கதவு திறந்ததாக அர்த்தம்.

அடுத்த சனிக்கிழமை கவியா காரைக்காலுக்கு வருகிறாள். கதவு திறக்க வேண்டிய நேரத்தில் வினோதினி விளக்கை அணைத்துவிட்டாள்.

"எரியற விளக்க அணைச்சது கூடப் பரவால்ல," என்றார் அறிவுமதி. "'நாணத்தோடு தலை குனிகிறாள்'னு ஒண்ணு வருதே. அந்த நாணம் படத்துல இருக்கா, ஓங்கிட்ட இருக்கா?"

வினோதினி யோசித்தாள். அல்லி தலை குனிந்தது உண்மை. குனிந்து தன் ரவிக்கையின் கொக்கியைப் பார்க்கிறாள். அவ்வளவுதான். நாணம் எங்கே இருந்தது?

"எங்கிட்டதாங்க்கா இருந்துருக்கும்."

"அதான பாத்தேன். அந்தப் பொண்ணு மூச்சுல வெக்கமே இல்லயே, ஒரு நிதானந்தான் இருக்கு."

சொக்கநாதன் மூலையிலிருந்து, "பாவம், அத வெரட்டாத. அது நம்ம புள்ளதான. நாம எல்லாரும் அப்படிப் பாத்து வளந்தவுங்கதான்" என்றார்.

"நீங்க பாத்து வளந்தீங்க. நான் கேட்டுல்ல வளந்தேன்."

சினிமாவில் ஆசை எப்படி மாறிக்கொண்டே வந்தது என்பதை அறிவுமதி அளவுக்குக் கோவையாகச் சொல்லக்கூடிய ஆளை வினோதினி பார்த்ததில்லை. அவரிடம் இருப்பது முழுக்கக் காதால் சேர்த்த சரித்திரம்.

சின்ன வயதில் தொலைக்காட்சியில் ஞாயிற்றுக்கிழமைப் பழைய படங்கள். ஆணும் பெண்ணும் பேசிக்கொண்டே வருவார்கள். பேச்சு நிற்கும். புல்லாங்குழல் எழும்பும், ஒரு குயில் கூவும், அவ்வளவுதான். "என்ன ஆச்சு சித்தி?" என்று கேட்டால், "ஒண்ணுமில்ல, ரெண்டு பூ ஆடுது" என்று பதில் வரும். "கல்யாணம் ஆனா எல்லாரும் தோட்டத்துக்குப் போயிடுவாங்கன்னு ரொம்ப நாள் நெனச்சுகிட்டு இருந்தேன்" என்பார் அறிவுமதி. பிறகு பூ போய் மழை வந்தது. கதையில் மழைக்கான பேச்சே இருக்காது, திடீரென்று கொட்டும். பாடுகிறவளின் குரலில் பாட்டை விட மூச்சு அதிகம் இருக்கும். கொட்டகையில் விசில் பறக்கும். "மழ பேயுது" என்பாள் பக்கத்தில் இருப்பவள். "நம்ம வயல்ல பேஞ்சா எவனும் விசிலடிக்கறதில்லயேன்னு எனக்கு ஒரே குழப்பம்."

அதற்கடுத்த காலம் சொக்கநாதனுடையது. துண்டால் தலையை மூடிக்கொண்டு காலைக் காட்சிக்குப் போன காலம். அதன் தொழில்நுட்பத்தை அவர் ரசித்துச் சொல்வார். ஏதாவது ஒரு சப்பைப் படம் ஓடும். அதன் நடுவே, படத்துக்குச் சம்பந்தமே இல்லாத ஒரு துண்டு ஃபிலிமை ஆபரேட்டர் ஒட்டி வைத்திருப்பார். "டாக்டர் ஊசியத் தூக்குவாரு. டக்குனு கலர் மாறும், ஆளு மாறும், வேற யாரோ ரெண்டு பேரு. திரும்ப வந்தா டாக்டர் ஊசி போட்டு முடிச்சு கையக் கழுவிகிட்டு இருப்பாரு."

"அப்ப சத்தம் எப்படி இருக்கும்?" என்று வினோதினி ஒருமுறை கேட்டாள்.

"சத்தமே இருக்காது. ஒட்டுன துண்டுல அது எங்க? கொட்டாய்ல எவனும் இரும கூட மாட்டான்."

"எல்லாரும் ஒண்ணா உக்காந்து தனித்தனியா பாத்துருக்கீங்க" என்றார் அறிவுமதி.

அதற்கப்புறம் கைபேசி வந்தது. அவரவர் உள்ளங்கையில், அவரவர் காதுக்குள். அந்தக் காலம் தனக்குக் கேட்கவே இல்லை என்பார் அறிவுமதி. இப்போதுதான், இந்த நாலைந்து வருடமாக, வேறு மாதிரிப் படங்கள் வருகின்றன. குழல் இல்லை, குயில் இல்லை, மழை இல்லை. ஒரு அறை, ஒரு மின்விசிறி, இரண்டு பேர். மறைப்பதற்கு இசை தேவைப்படாத அளவுக்கு எடுப்பவர்களுக்குத் துணிச்சல் வந்திருக்கிறது, பார்ப்பவர்கள் மேல் நம்பிக்கையும் வந்திருக்கிறது. சத்தத்தை அப்படியே விட்டுவிடுகிறார்கள்.

"இப்பத்தான் மொத மொதலா அந்த ரூமுக்குள்ள என்ன விட்டுருக்காங்க" என்றார் அறிவுமதி. "உள்ள காலெடுத்து வச்சா, நீ விளக்க அணைச்சிட்ட."

இந்த முறை சொக்கநாதன் சிரிக்கவில்லை.

"சரி, இன்னொண்ணு. அதான் எனக்கு முக்கியம்" என்று அறிவுமதி ஹெட்போனின் ஒரு காதை வினோதினியிடம் நீட்டினார். "ஓட்டு. நடுவுல. வளையல் சத்தம் வர்ற எடம்."

ஓட்டினாள். மின்விசிறி ஒரு சுற்றுக்கு ஒரு முறை முனகியது. கண்ணாடி வளையல்கள் ஒன்றோடொன்று உரசும் சத்தம், மெல்லிசாக, விட்டுவிட்டு. பிறகு நின்றது. மின்விசிறி மட்டும். மூக்கு வழியாக ஒரு சின்னச் சிரிப்பு, அல்லது சிரிப்பு மாதிரி. மறுபடி ஒரு கிலுக்கு.

"இங்க வளையல் நின்னுச்சுல்ல. ஏன் நின்னுச்சு?"

வினோதினியின் எழுத்தில் அந்த இடத்தில், "தங்கையன் அவளை மெல்ல வருடுகிறான்" என்று இருந்தது.

"தெரியலக்கா."

"தெரியலயா? ஒனக்குக் கண்ணு இருக்குல்ல?"

குத்தலாகக் கேட்கவில்லை. நிஜமாகவே புரியாமல் கேட்டார். அதனால்தான் அது அவ்வளவு ஆழமாக இறங்கியது.

*

வீட்டுக்கு வந்தபோது மாமியார் பெரியநாயகி, பேத்தி நிலாவை அழைத்துக்கொண்டு விழிதியூரில் ஒரு காதுகுத்துக்குப் போயிருந்தார். கணவன் மணிவேல் மட்டும் இருந்தான். அவனுடைய மருந்துக் கடைக்கு அன்று பாதி நாள் விடுமுறை. வினோதினி மடிக்கணினியை மேசையில் வைத்துக் காட்சியை ஓட்டினாள். வளையல் நிற்கும் இடம் நெருங்கியது. திரையில் தங்கையனின் கை அல்லியின் தோளில் இருந்து இறங்கியது.

அப்போதுதான் தன்னையே கையும் களவுமாகப் பிடித்தாள். அவள் பார்வை திரையின் அடியில் ஓடிக்கொண்டிருந்த நேரக் கணக்கில் இருந்தது.

எத்தனையோ முறை இந்தக் காட்சியை ஓட்டியிருக்கிறாள். ஒவ்வொரு முறையும் இந்த இடத்தில் எண்களைத்தான் பார்த்திருக்கிறாள். வேலைக்காக என்று நினைத்துக்கொண்டிருந்தாள். வேலைக்காக இல்லை. சின்ன வயதில், கூடத்தில் எல்லோரும் உட்கார்ந்து படம் பார்க்கும்போது இந்த மாதிரி இடம் வந்தால் அப்பா செய்தித்தாளைப் பிரிப்பார், அம்மா அடுப்பைப் பார்க்கப் போவாள், அண்ணன் சுவர்க் கடிகாரத்தைப் பார்ப்பான். அவள் கால் நகத்தைப் பார்ப்பாள். கண்ணைத் திருப்பச் சொல்லி யாரும் சொன்னதில்லை. கண் தானாகக் கற்றுக்கொண்டது. முப்பத்து மூன்று வயதில், அதுவும் பார்ப்பதையே தொழிலாக வைத்துக்கொண்ட பிறகும், அது தன் பழக்கத்தை விடவில்லை. பார்க்காத இடத்தை நிரப்ப, பழைய படங்களில் இருந்து ஒரு விளக்கையும் கொஞ்சம் நாணத்தையும் எடுத்து அவளே ஒட்டி வைத்திருக்கிறாள்.

"என்னங்க, செத்த இங்க வாங்க" என்று கூப்பிட்டாள். "இதப் பாத்து என்ன நடக்குதுன்னு சொல்லுங்க."

மணிவேல் வந்து நாற்காலியில் உட்கார்ந்தான். "ம். ரெண்டு பேரு இருக்காங்க. கட்டில். ஃபேனு சுத்துது. ஃபேன் பழசு, கெப்பாசிட்டர் மாத்தணும்."

"ஃபேன விடுங்க. அவங்களப் பாருங்க."

"பாக்குறேன் பாக்குறேன். கை... தோள்ல இருக்கு. அப்பறம்..." அவன் எழுந்தான். "டீ போடட்டுமா?"

"உக்காருங்க. நானும் இப்படித்தான் பண்ணிருக்கேன். ஒரு தடவ முழுசா பாத்துடுவோம். படந்தான."

உட்கார்ந்தான். அவள் மறுபடி ஓட்டினாள். இரண்டு பேரும் கண்ணை எடுக்காமல் பார்த்தார்கள். பள்ளிக்கூடத்தில் பரீட்சை எழுதுகிறவர்கள் மாதிரி முதுகு நிமிர்ந்திருந்தது.

தங்கையனின் கை தோளில் இருந்து முதுகுக்கு வந்தது. அல்லியின் கை அவன் கழுத்தைச் சுற்றியிருந்தது. அது அசைந்தபோதெல்லாம் வளையல் உரசியது. பிறகு அந்தக் கை கீழே வந்து அவன் மணிக்கட்டைப் பிடித்தது. கெட்டியாக. அவன் கை நின்றது. அவனும் நின்றான். கையை விடுவித்துக்கொள்ளவில்லை, மேலே தள்ளவும் இல்லை. அவள் முகத்தைப் பார்த்தான். காமிரா அசையவில்லை. மின்விசிறியின் நிழல் சுவரில் சுற்றி வந்தது. அல்லியின் முகத்தில் ஏதோ தளர்ந்தது. மூக்கால் சிரித்தாள். பிறகு பிடித்த பிடியை விடாமலே, அந்தக் கையை எடுத்துத் தனக்கு வேண்டிய இடத்தில், இடுப்பில் வைத்தாள். வளையல் ஒரு முறை கிலுங்கியது.

மணிவேல் படத்தை அங்கேயே நிறுத்தினான்.

"அவ நிறுத்துனா" என்றான். "அவன் நின்னுட்டான்."

"ஆமா."

"நீ இந்த எடத்துல என்ன எழுதிருந்த?"

"'வருடுகிறான்'னு."

"அது வேற கதையாச்சே வினோ."

வேறு கதைதான். அவள் எழுதியதைக் கேட்டால் ஒருவன் எடுத்துக்கொள்கிறான், ஒருத்தி விட்டுக்கொடுக்கிறாள். திரையில் இருந்ததோ ஒருத்தி யோசிக்கிறாள், ஒருவன் காத்திருக்கிறான், பிறகு அவளே தொடங்குகிறாள். நான்கு நிமிடக் காட்சி முழுவதும் அந்த ஒரு மணிக்கட்டில்தான் நின்றது. இயக்குநர் இசையை ஏன் எடுத்துவிட்டார் என்பதும் அவளுக்கு இப்போது விளங்கியது. இசை இருந்திருந்தால் அந்தக் காத்திருப்பு கேட்டிருக்காது. இப்படிப்பட்ட காட்சிகளை எடுப்பதற்கென்றே இப்போது தனியாக ஒருவர் படப்பிடிப்பில் இருப்பார் என்று அவள் படித்திருந்தாள். நடன அசைவு போல ஒவ்வொரு தொடுதலையும் முன்கூட்டியே பேசி, இருவரிடமும் சம்மதம் கேட்டு, எது எவ்வளவு தூரம் என்று முடிவு செய்து வைப்பாராம். திரைக்குப் பின்னால் அப்படிக் கேட்டுக் கேட்டுச் செய்த வேலை, திரையில் அந்தப் பிடியாக வந்து நிற்கிறது போலும். அதைச் செய்தவர்கள் மேல் அவளுக்கு மரியாதை வந்தது. அந்த மரியாதையோடுதான் எழுத உட்கார்ந்தாள்.

மணிவேல் கடைசியில் டீ போட்டுத்தான் கொண்டுவந்தான்.

*

சொற்களைத் தேடுவது அடுத்த பாடு. உடம்பைச் சொல்லத் தமிழில் மூன்று பெட்டிகள் இருப்பதாக வினோதினிக்குத் தோன்றியது. ஒன்று புலவர் பெட்டி. அதைத் திறந்தால் எல்லாம் மலர், கொடி, அமுதம். இன்னொன்று ஆஸ்பத்திரிப் பெட்டி. அதில் எல்லாம் உறுப்பு. மூன்றாவது தெருப் பெட்டி. அதைத் திறக்கவே முடியாது. ஒரு நாள் முழுக்க மூன்றையும் கிளறிப் பார்த்துவிட்டுத்தான், நடுவில் ஒரு சாதாரண அலமாரி இருப்பதைக் கவனித்தாள். தோள், கழுத்து, முதுகு, இடுப்பு, உதடு, கை. குழந்தைக்குச் சொல்லிக் கொடுக்கும் வார்த்தைகள். அவற்றுக்குக் கூச்சம் கிடையாது. பெயர்ச்சொல் சாதாரணமாக இருந்தால் போதும். வினைச்சொல்தான் சரியாக இருக்க வேண்டும். பிடிக்கிறாள், நிறுத்துகிறாள், வைக்கிறாள். யார் செய்தது என்பது அதில் தெரிந்துவிடும்.

புதன்கிழமை மாலை அறிவுமதியின் வீட்டில் அந்த ஒரு இடத்துக்காக மட்டும் இரண்டு பேரும் சண்டை போட்டார்கள். வளையல் நின்ற பிறகு மூன்று நான்கு நொடி அமைதி. அந்த அமைதியில் என்ன சொல்வது?

"'அவன் காத்திருக்கிறான்'னு போட்டுருக்கேன்க்கா."

"எடுத்துடு."

"எடுத்துட்டா எப்படித் தெரியும்?"

"அவ நிறுத்துறான்னு சொல்லிட்டேல்ல. அப்பறம் அவன் கை நவுருற சத்தம் இல்ல, அவ வளையல் சத்தம் இல்ல. காத்திருக்கறது கேக்குதுடி. அதுக்கு மேல நீ ஏறி ஒக்காராத."

"கேக்கறவங்க எல்லாருக்கும் ஒங்க காது இருக்குமா? சும்மா காட்சி நின்னு போச்சுன்னு நெனச்சுட்டா?"

அறிவுமதி யோசித்தார். அது நியாயமான கேள்வி. "சரி, 'கெட்டியாக'ங்கறத சேத்துக்க. 'அவன் மணிக்கட்டைக் கெட்டியாகப் பிடித்து நிறுத்துகிறாள்.' கெட்டியான்னு சொன்னா, என்ன ஆவப் போவுதோன்னு காத தீட்டிகிட்டு இருப்பாங்க. அப்பறம் வாய மூடிக்க. அந்தச் சிரிப்பு வந்தப்பறம், கிலுக்குன்னு வர்றதுக்கு முன்னாடி, 'அவளே அந்தக் கையை எடுத்து'ன்னு ஆரம்பி. 'இடுப்பில் வைக்கிறாள்'னு முடியறப்ப வளையல் வரணும்."

பலமுறை ஓட்டிப் பார்த்து அதைப் பொருத்தினார்கள். பொருந்தியபோது, திருகாணி மரையில் உட்கார்வதைப் போல அது உட்கார்ந்தது. அறிவுமதி மேசையை ஒரு தட்டுத் தட்டினார்.

குரல் பதிவை வினோதினி வீட்டில் பீரோவுக்கும் சுவருக்கும் இடையில், தலைக்கு மேல் போர்வையைத் தொங்கவிட்டுக்கொண்டு செய்தாள். ரயில் நிலைய அறிவிப்பு மாதிரியும் இருக்கக்கூடாது, ரேடியோ நாடகம் மாதிரியும் இருக்கக்கூடாது. பக்கத்து இருக்கையில் இருக்கும் சிநேகிதி தாழ்ந்த குரலில், ஆனால் தயங்காமல் சொல்வது போல இருக்க வேண்டும். தயங்காமல் என்பதுதான் கடினம். ஒருமுறை எல்லாம் அமைந்து வந்த நேரத்தில் வெளியே மாமியார், "யாருகிட்ட இடுப்பு இடுப்புன்னு பேசிகிட்டு இருக்க? வலிக்குதா?" என்று கேட்டார். மறுபடி முதலில் இருந்து ஆரம்பித்தாள். கடைசியாக ஓட்டிக் கேட்டபோது, தன் குரல் தனக்கே புதிதாக இருந்தது.

*

சனிக்கிழமை காலை பாரதியார் சாலையில் ஒரு கடைக்கு மேலே இருந்த சங்க அறையில் பத்துப் பன்னிரண்டு பேர் கூடினார்கள். ஆளுக்கொரு ஹெட்போன் தரலாம் என்று கவியா சொன்னாள். அறிவுமதி ஒத்துக்கொள்ளவில்லை. ஒரே ஒலிபெருக்கியில், எல்லோரும் சேர்ந்துதான் கேட்க வேண்டும். கூச்சம் தனியாக இருக்கும்போது வருவதில்லை, பக்கத்தில் ஆள் இருந்தால்தான் வரும். வருமா என்று பார்க்கத்தானே கூடியிருக்கிறோம் என்றார்.

வந்தவர்களில் இரண்டு பேரைத்தான் வினோதினி திரும்பத் திரும்பப் பார்த்தாள். ஒருவர் கருப்பையன், பள்ளியில் பாட்டு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். சங்கத்தில் யார் உரக்கச் சிரித்தாலும் கண்டிப்பவர். இன்னொருவர் பூவாயி, கிளிஞ்சல்மேட்டில் மீன் விற்றுக்கொண்டிருந்தவர். சர்க்கரை நோயில் ஐம்பது வயதுக்கு மேல் பார்வை போனது. அவர் எதைச் சொன்னாலும் தெருவுக்கே கேட்கும்.

படம் ஆரம்பத்தில் இருந்தே ஓடியது. தங்கையன் ஊர் வந்து இறங்கினான், பெட்டி திறந்தது, உறவினர் வந்து போனார்கள். பிறகு அறைக் கதவு சாத்தியது. வினோதினி சுவரோரமாக நின்று எல்லோர் முகத்தையும் பார்த்தாள். கவியாவும் அதைத்தான் செய்தாள்.

மின்விசிறி முனகியது. ஒலிபெருக்கியில் வினோதினியின் குரல் வந்தது. தோள், கழுத்து, முதுகு. ஒருவர் வேட்டியைச் சரிசெய்துகொண்டார். யாரோ தொண்டையைச் செருமினார்கள். கருப்பையன் தலையைக் குனிந்திருந்தார். அவர் முகம் தெரியவில்லை.

"அவன் மணிக்கட்டைக் கெட்டியாகப் பிடித்து நிறுத்துகிறாள்."

வளையல் நின்றது. அறையில் அத்தனை தலைகளும் ஒரே நேரத்தில் நிமிர்ந்ததை வினோதினி பார்த்தாள். கருப்பையனும் நிமிர்ந்தார். ஒலிபெருக்கியில் விசிறியைத் தவிர ஒன்றும் இல்லை.

"ஆத்தாடி, நில்லுன்னா நிக்கிறானே!" என்றார் பூவாயி.

அறை குலுங்கிச் சிரித்தது. கவியா சட்டென்று வினோதினியைப் பார்த்தாள். போச்சு என்று நினைத்தாள் வினோதினி.

"அட சும்மா இருங்க!" கருப்பையன் கையை உயர்த்தி அதட்டினார். "அடுத்தது கேக்கல. பின்னால கொண்டு போங்கம்மா, அவ என்ன செஞ்சான்னு தெரியணும்."

கவியா பின்னால் கொண்டுபோனாள். இந்த முறை யாரும் மூச்சு விடவில்லை. அல்லி நிறுத்தினாள். அமைதி. மூக்குச் சிரிப்பு. "அவளே அந்தக் கையை எடுத்துத் தன் இடுப்பில் வைக்கிறாள்." கிலுக்.

"அப்படிப் போடு" என்றார் பூவாயி, இந்த முறை தனக்குள் சொல்லிக்கொள்வது போல.

காட்சி முடிந்ததும் கவியா படத்தை நிறுத்தி, தயங்கித் தயங்கிக் கேட்டாள். "யாருக்காவது சங்கடமா இருந்துச்சா? சொல்லலாம். இது வேணாம்னு தோணுனாலும் சொல்லலாம்."

"சங்கடமா?" என்றார் பூவாயி. "தாயி, எனக்குக் கண்ணு இருந்தப்ப நானும் எம்மாம் படம் பாத்துருக்கேன். பூவக் காட்டுவான், வண்டக் காட்டுவான். புருஷன் பொண்டாட்டியக் காட்ட மாட்டான். கண்ணு இருந்தும் பாக்காதத இன்னிக்குத்தான் பாத்தேன். நாங்கூட எம்புருஷன ஒரு நாளும் நில்லுன்னு சொன்னதில்ல. சொல்லலாம்னு அப்ப தெரியாது."

யாரோ "உச்" என்றார்கள்.

"எனக்கு ஒரு குறை இருக்கு" என்றார் கருப்பையன்.

கவியா கையில் இருந்த கைபேசியைக் கீழே வைத்தாள். அறிவுமதியின் விரல்கள் நாற்காலியின் கைப்பிடியை இறுக்கின.

"வளையல் எடமெல்லாம் ரொம்ப சுத்தம். ஆனா கடைசில அரை நிமிஷம் ஒங்க கொரலே வரலம்மா. கட்டில் சத்தம் அடங்கிடுச்சு, ஃபேன் மட்டும் ஓடுது. ரெண்டு பேரும் என்ன பண்றாங்க? தூங்கிட்டாங்களா? சண்டையா? அழுவுறாங்களா? அங்க கொண்டாந்து எங்கள அம்போன்னு விட்டுட்டீங்களே."

அந்தக் கடைசி அரை நிமிடத்தை வினோதினி எழுதவே இல்லை. முக்கியமானது முடிந்துவிட்டது, இத்தோடு தப்பித்தோம் என்று அங்கே எழுந்துவிட்டிருந்தாள். அறிவுமதியும் வளையலிலேயே காதை வைத்திருந்ததில் அதைக் கேட்கவில்லை. அவர் முகத்தில் அந்தத் திகைப்பு தெரிந்தது.

"அங்க எழுதலங்க சார்" என்றாள் வினோதினி.

"எழுதாட்டி என்ன? பாத்துச் சொல்லுங்க. கண்ணு முன்னால தான இருக்கு."

கவியா மெல்ல மடிக்கணினியை அவள் பக்கம் நகர்த்தினாள். வினோதினி அந்த இடத்துக்குக் கொண்டுபோய் ஓட்டினாள். எழுதிவைத்த தாள் இல்லை, போர்வை இல்லை, பீரோ இல்லை. எதிரில் அவளை நோக்கித் திரும்பிய பத்துப் பன்னிரண்டு முகங்கள். எண்களைப் பார்க்காமல் திரையைப் பார்த்தாள்.

"தங்கையன் மல்லாந்து படுத்துருக்கான். அல்லி அவன் பக்கமா ஒருக்களிச்சுப் படுத்துருக்கா. அவன் நெத்தில வேர்வ. அவ பொடவத் தலப்பால தொடைக்கிறா. அவன் கண்ணத் தெறந்து பாக்குறான்."

"அவ?" என்றார் யாரோ.

"அவளும் பாக்குறா. ரொம்ப கிட்டத்துல. அவன் என்னமோ சொல்ல வாயெடுக்குறான். அவ வேணாம்னு தலய ஆட்டுறா. அவன் காதப் புடிச்சு லேசா இழுக்குறா, புள்ளைங்க காத இழுக்குற மாதிரி."

"சிரிக்கிறாங்களா?" என்றார் பூவாயி.

"இன்னும் இல்ல." வினோதினி திரைக்கு நெருங்கினாள். "இல்ல... அவன் ஒதடு மட்டும்... இப்ப. ரெண்டு பேரும்."

ஒலிபெருக்கியில் சத்தமில்லாத சிரிப்பின் மூச்சு மட்டும் வந்தது. அறை முழுக்க முகங்கள் விரிந்தன, கருப்பையனுடையதும்.

கவியா கைபேசியை எடுத்துக்கொண்டு மாடிப்படியின் பக்கம் போனாள். சென்னையோடு பேசுவது கதவு வழியாகக் கேட்டது.

"ஆமா சார், போட்டுக் காட்டியாச்சு. இல்ல சார், வேணாம்னு யாரும் சொல்லல. போதலங்கறாங்க."